தீவின் பேரில் ஒரு நாற்காலி

ஜெபல் அலி
4-11-2025, செவ்வாய்

அன்பு மகள் ஷ்ருதிக்கு,

அப்பா எழுதுவது. நானும் உன் அம்மாவும் உடம்புக்கு ஒன்றுமில்லாமல் இருக்கிறோம். நீயும் அந்தக் குளிரில் அப்படியே இருக்க வேண்டும் என்பதுதான் முதலில் கேட்டுக்கொள்வது. சாயங்காலம் நாலு மணிக்கே இருட்டிவிடுகிறது என்று நீ சொன்னதிலிருந்து அம்மா நாலு மணிக்கு ஒரு தடவை உன்னை நினைத்துக்கொள்கிறாள்.

போனில் பேசாமல் ஏன் எழுதுகிறேன் என்று கேட்பாய். போனில் நீ இரண்டே கேள்வியில் என்னை மடக்கிவிடுகிறாய். போன வெள்ளிக்கிழமையும் அதுதான் நடந்தது. எழுதினால் குறுக்கே பேச ஆளில்லை. டைப் அடிக்க எனக்கு வராது, அதனால் தாளில் எழுதி அம்மாவை விட்டுப் படம் எடுத்து அனுப்பச் சொல்கிறேன். நீ நாள் முழுக்கப் படிப்பது முந்நூறு வருடத்துக்கு முந்தைய கடிதங்கள்தானே, என் கையெழுத்து அதைவிட மோசமாக இருக்காது.

வெள்ளிக்கிழமை நீ சொன்னதை நான் சரியாகப் புரிந்துகொண்டேனா என்று பார். அந்தக் காலத்தில், ஸ்காட்லாந்துக்கு வடக்கே நீ இருக்கும் ஷெட்லாந்துத் தீவுக்கும் அதற்குக் கீழே இருக்கும் ஆர்க்னிக்கும் சேர்த்து லண்டன் பார்லிமெண்டில் ஒரே ஒரு மெம்பர். அவரைத் தேர்ந்தெடுப்பது ஆர்க்னி நிலக்காரர்கள் மட்டும். ஷெட்லாந்துக்காரனுக்கு ஓட்டுக் கிடையாது. வரி கட்டவில்லையா என்றால், கட்டினான், ஆனால் ஆர்க்னியோடு சேர்த்து மொத்தமாகப் போய்விடும். எவன் நிலத்துக்கு எவ்வளவு மதிப்பு என்று தனித்தனிப் பட்டியல் கிடையாது. பட்டியல் இல்லாததால் ஓட்டு இல்லை. நூற்றிருபது வருடத்துக்கு மேல் இப்படியே ஓடியிருக்கிறது.

இதைக் கேட்டதும் நான் என்ன சொன்னேன்? “நல்ல ஏற்பாடுதானே, தலைவலி இல்லாத ஏற்பாடு” என்றேன். அதோடு நிறுத்தியிருக்கலாம். பெருமை விடவில்லை. நானும் பதினொரு வருடமாக ஒரு தீவுக்கு மெம்பர்தான் என்று சொல்லிவிட்டேன். உடனே நீ, “அப்பா, அந்தத் தீவுக்கு நீங்க போயிருக்கீங்களா?” என்று கேட்டாய். செவ்வாய்க்குச் செவ்வாய் என் சரக்குப் போகிறது என்றேன். “சரக்கு இல்லப்பா, நீங்க” என்றாய். எனக்குக் கோபம் வந்தது. யார் போனை வைத்தது என்று நினைவில்லை. நான்தான் என்று அம்மா சொல்கிறாள்.

முழுக் கதையும் உனக்குத் தெரியாது. நான் துபாய் ஜெபல் அலி கேம்பில் தக்காளிப் பெட்டி தூக்கிய காலத்தில் நம் மாவட்டத்து ஆட்கள் சேர்ந்து உதவி மன்றம் ஒன்று ஆரம்பித்தார்கள். யாராவது ஊரில் செத்துப்போனால், பெரிய வியாதி என்றால், அவசரமாகப் போய்வர டிக்கெட் எடுத்துக் கொடுப்பதுதான் முக்கிய வேலை. ஒன்பது பகுதிக்கு ஒன்பது மெம்பர். பகுதிக்கு வருடம் இரண்டு டிக்கெட். தீவும் ஒரு பகுதி. அபுதாபிக்கு மேற்கே, கரையிலிருந்து லாஞ்சில் மூன்று மணி நேரம். எங்கள் ஆட்கள் அதற்குப் பேர்கூடச் சொல்வதில்லை, ‘தீவு’ என்பதோடு சரி. கட்டுமான வேலையில் நம் பக்கத்து ஆட்கள் நூற்று நாற்பது பேர்.

மன்றத்தில் ஓட்டு வேண்டுமென்றால் ஜனவரி முதல் வாரம் துபாய்க்கு வந்து, சந்தா கட்டி, ரிஜிஸ்டரில் தன் பேருக்கு நேரே கையெழுத்துப் போட வேண்டும். தீவுக்காரன் எங்கே வருவது? வந்தால் இரண்டு நாள் சம்பளம் போச்சு. அதற்குள் நான் சொந்தக் கடை போட்டிருந்தேன், தீவுக் கேம்ப் மெஸ்ஸுக்கு அரிசி, காய்கறி போடுவது நான். நூற்று நாற்பது பேருக்கும் நானே மொத்தமாகக் கட்டிவிடுகிறேன் என்றேன். எல்லோரும் கை தட்டினார்கள். ரிஜிஸ்டரில் ஒரே வரி: தீவு, அம்மையப்பன் ட்ரேடிங், 140 பேர். ஒரு வரிக்கு ஒரு கையெழுத்து, ஒரு கையெழுத்துக்கு ஒரு ஓட்டு.

இரண்டு வருடத்துக்கு ஒரு தடவை எலெக்‌ஷன். செயலாளர் வெங்கட்ராமன், ஆடிட்டர், ரொம்பச் சுத்தமான மனிதர், “தீவுக்கு யார்?” என்று கேட்பார். நான் கையைத் தூக்குவேன். “தீவு ஓட்டு ஒன்று, ஆதரவு ஒன்று, எதிர்ப்பு இல்லை” என்று வாசிப்பார். எல்லோரும் சிரிப்பார்கள். அப்புறம் பரோட்டா வரும். இதில் தப்பு இருப்பதாக யாருக்கும் தோன்றவில்லை, எனக்கும்தான்.

இனிமேல்தான் நான் எழுத வந்த விஷயம். தீவில் விமல் என்று ஒரு பையன், கம்பி கட்டுகிறவன். போன மாதம் ஒன்பதாம் தேதி அவன் அம்மா இறந்துவிட்டார். கம்பெனி நாலு நாள் லீவு கொடுத்திருக்கிறது, டிக்கெட் அவன் பொறுப்பு. அந்த நேரத்து டிக்கெட் விலை அவனுக்கு இரண்டு மாதச் சம்பளம். அவன் போகவில்லை. தீவில் சிக்னல் கிடைப்பது படகுத்துறையில் மட்டும்தான். அங்கே நின்று அம்மாவின் காரியத்தைப் போனில் பார்த்திருக்கிறான்.

தீவுக்கு டிக்கெட் இருந்தது, ஷ்ருதி. இல்லை, இருந்திருக்க வேண்டும். தீவிலிருந்து ஒருவரும் ஒரு நாளும் டிக்கெட் கேட்டதில்லை. கேட்காத சரக்கை எதற்குக் குடோனில் வைத்திருப்பது என்று ஒவ்வொரு செப்டம்பரிலும் ‘தீவுக்குத் தேவையில்லை’ என்று எழுதிக் கொடுத்துவிடுவேன், வேறு பகுதிக்குப் போய்விடும். இந்த வருடம் இரண்டில் ஒன்று என் பிக்கப் டிரைவர் முகம்மது ஆசிக்குக்குப் போனது. அவன் வாப்பாவுக்கு நெஞ்சில் ஆபரேஷன். அதுவும் பொய்யில்லை, உண்மையான அவசரம். நான் கையெழுத்துப் போட்டது செப்டம்பர் இருபத்தெட்டு. விமலின் அம்மா இறந்தது பதினோரு நாள் கழித்து.

தீவு டிக்கெட் ஒன்று தனக்குக் கிடைத்ததை ஆசிக் நல்ல மனதோடு லாஞ்ச் ஓட்டும் லுக்மான் பாயிடம் சொல்லியிருக்கிறான். லுக்மான் பாய் மெஸ்ஸில் சொல்லிவிட்டார். முந்தாநாள் சதீஷ்குமார் என்று ஒரு ஃபோர்மேன் எனக்கு வாய்ஸ் அனுப்பியிருக்கிறான். வெங்காயம், மிளகாய் சொல்ல வழக்கமாக அனுப்புகிறவன்தான். இந்தத் தடவை, “அண்ணே, மன்றத்துல எங்க தீவுக்கும் ஒரு மெம்பர் இருக்காராமே, யாருன்னு உங்களுக்குத் தெரியுமா? கொஞ்சம் விசாரிச்சுச் சொல்லுங்க” என்கிறான்.

கிண்டலா என்று மூன்று தடவை போட்டுக் கேட்டேன். கிண்டல் இல்லை. அவனுக்கு உண்மையிலேயே தெரியாது.

இரண்டு நாளாகப் பதில் சொல்லவில்லை. டிசம்பர் ஏழாம் தேதி மறுபடி எலெக்‌ஷன். நான் கையைத் தூக்கினால் முடிந்தது. தூக்கலாமா வேண்டாமா என்பதுதான் எனக்குப் பிடிபடவில்லை. நான் ஒருவரையும் ஏமாற்றவில்லை. ஆனால் விமலுக்கு என்ன பதில்? உன் ஷெட்லாந்துக்காரர்கள் அந்த மெம்பரிடம் என்ன கேட்டார்கள், அவர் என்ன சொன்னார் என்று எழுது. படித்தவள் நீ.

கம்பளி சாக்ஸ் இரண்டு ஜோடி போட்டுக்கொள். கோபம் இருந்தால் என்னோடு வைத்துக்கொள், அம்மா கூப்பிட்டால் போனை எடு.

உன் நலம் கோரும்,
அப்பா அம்மையப்பன்

*

ஜெபல் அலி
18-11-2025, செவ்வாய்

அன்பு மகளுக்கு,

உன் பதில் வந்தது. தமிழில் எழுதியிருந்தாய், பிழையைப் பற்றி ஒன்றும் சொல்லமாட்டேன். அம்மா இரண்டு தடவை வாசித்துவிட்டு, ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் உன்னைப் பிடித்துத் தமிழ் படிக்க உட்கார வைத்தது வீண் போகவில்லை என்றாள்.

ஷெட்லாந்துக்காரர்கள் கேட்டதாக இதுவரை காகிதம் எதுவும் உன் கண்ணில் படவில்லை என்று எழுதியிருக்கிறாய். அவர்கள் கேட்கவே இல்லையா, கேட்டதை யாரும் எடுத்து வைக்கவில்லையா என்று உனக்கே தெரியவில்லை என்கிறாய். அதைப் படித்ததும் எனக்குச் சங்கடமாகிவிட்டது. என் டிக்கெட் விஷயமும் அதே மாதிரிதான். தீவிலிருந்து ஒருவரும் கேட்கவில்லை என்று எழுதினேன் அல்லவா? டிக்கெட் பற்றிய மன்றத்து நோட்டீஸை வருடா வருடம் சரக்கோடு அனுப்பியிருக்கிறேன், டெலிவரி நோட்டில் மெஸ் கிளார்க்கின் கையெழுத்தும் இருக்கிறது. அவன் அதைச் சுவரில் ஒட்டினானா என்று நான் ஒரு நாளும் கேட்கவில்லை. சரக்கு இறங்கிக் கையெழுத்து வந்துவிட்டால் என் வேலை முடிந்தது. வியாபாரத்தில் அப்படித்தான்.

நீ இன்னொன்று கேட்டிருந்தாய். நூற்று நாற்பது பேரின் சந்தா என் கைக்காசா என்று. உன் அம்மாகூட இத்தனை வருடத்தில் இதைக் கேட்டதில்லை. மறைத்து என்ன ஆகப்போகிறது? முதல் வருடம் என் கைக்காசு. இரண்டாம் வருடத்திலிருந்து மெஸ் விலையில் கிலோவுக்கு ஐந்து ஃபில்ஸ் ஏற்றிவிட்டேன். மெஸ்காரன் அதை ஆட்கள் சம்பளத்தில் பிடிப்பான். அப்படிப் பார்த்தால் கட்டியது அவர்கள். பேர் என்னுடையது. மொத்தமாகக் கட்டியதால் ஓட்டில்லாமல் போன உன் ஆட்கள் கதை எனக்கு ஏன் அவ்வளவு சுலபமாகப் புரிந்தது என்று இப்போது தெரிகிறது.

சரி, போய்வந்தேன். போன செவ்வாய், தீவுக்கு.

கேட் பாஸ் எடுக்கவே நாலு நாள் ஆயிற்று. விடிகாலை சரக்கோடு சரக்காக ஏறி வெங்காய மூட்டை மேல் உட்கார்ந்தேன். லுக்மான் பாய்க்கு ஒரே ஆச்சரியம். “மொதலாளி, பதினோரு வருசமா ஒங்க மூட்டைய ஏத்துறேன், ஒங்கள ஏத்துறது இன்னக்கித்தான். ஒங்களுக்கும் டெலிவரி நோட்டு போடணுமா?” என்று கேட்டார். சிரிக்கத்தான் செய்தேன். ஒரு மணி நேரம் கழித்து வாந்தி எடுத்தேன். அவர் எலுமிச்சம்பழம் ஒன்றை நசுக்கிக் கொடுத்துவிட்டு, “கீழ பாக்காதீங்க, தூரமாப் பாருங்க” என்றார். தூரத்தில் பார்க்க ஒன்றுமே இல்லை, ஷ்ருதி. தண்ணீர்தான்.

அந்தத் தீவு நான் நினைத்த மாதிரி இல்லை. என்ன நினைத்திருந்தேன் என்று கேட்டால் அதுவும் தெரியவில்லை. வெள்ளைக் கூடாரம் மாதிரி வரிசையாக ரூம்கள், ஒரு கிரேன், நிழலுக்கு ஏழெட்டுப் பேரீச்சை. நான் அனுப்பிய தக்காளி வெயிலில் இறங்கிக் கிடந்து கால்வாசி கசிந்துவிடுகிறது. அதையும் அன்றைக்குத்தான் பார்த்தேன்.

மதியச் சாப்பாட்டு நேரத்தில் மெஸ்ஸில் எண்பத்தாறு பேர் இருந்தார்கள். சதீஷ்குமார், “அண்ணன் என்னமோ பேசணுமாம், கேளுங்கப்பா” என்றான். நான் எழுந்தவுடன் ஒருவன், “மொதல்ல அந்த வெங்காயம் ஏண்ணே உள்ள அழுகி வருது, அதச் சொல்லுங்க” என்றான். இன்னொருவன், “கறிவேப்பில கேட்டா முருங்கக்கீர வருது” என்றான். எல்லோரும் ஒரே சிரிப்பு. அவர்களுக்கு நான் மளிகைக்காரன், அவ்வளவுதான்.

உங்கள் மெம்பர் நான்தான் என்றேன். சிரிப்பு நின்றுவிட்டது. கோபத்தில் நிற்கவில்லை, புரியாமல் நின்றது. “நம்மள்ள யாரு போட்டது?” என்று ஒருவன் பக்கத்தில் இருந்தவனைக் கேட்டான். அவன் உதட்டைப் பிதுக்கினான். ரிஜிஸ்டர், ஒரு வரி, ஐந்து ஃபில்ஸ், வருடம் இரண்டு டிக்கெட், செப்டம்பர் கையெழுத்து எல்லாவற்றையும் சொன்னேன். ஒன்றையும் விடவில்லை. பதினொரு வருடத்தில் இருபத்திரண்டு டிக்கெட். சொல்லி முடித்தபோது என் சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது.

விமல் யார் என்று நான் கேட்கவில்லை. கேட்காமலே தெரிந்தது, எல்லோரும் அவனைப் பார்த்தார்கள். இருபத்தைந்து வயது இருக்கும், மொட்டைத் தலையில் முடி அரை அங்குலம் வளர்ந்திருந்தது. அவன் எழுந்து வந்தான். அடிப்பான் என்றுகூட நினைத்தேன். ஒரு டம்ளர் மோர் கொண்டுவந்து என் முன்னால் வைத்துவிட்டு, “போட்ல வந்தா வயிறு பொரட்டும்ணே” என்றான். போய்ச் சாப்பிட உட்கார்ந்துவிட்டான். மன்னித்துவிட்டானா, விருந்தாளிக்குச் செய்வதைச் செய்தானா? இன்று வரை எனக்குத் தெரியவில்லை. நீ சொல்லேன்.

பிறகு சதீஷ்குமார் பேசினான். நல்ல தெளிவான ஆள், சத்தம் போடாமல் பேசுகிறான். “அண்ணன் வந்து சொன்னதே பெருசு. ஆனா இனிமே நம்ம ஆளு ஒருத்தன் அங்க இருக்கணும்ல” என்றான். அப்போதே ஒரு எலெக்‌ஷன் வைத்துவிடலாம் என்றேன். சாப்பாட்டுத் தட்டோடு கை தூக்கினார்கள். சதீஷ்குமாருக்கு எழுபத்தேழு. எனக்கு ஒன்பது. அந்த ஒன்பதில் ஒருவன், “அண்ணனப் பகைச்சா அரிசி நின்னுரும்டா” என்று பக்கத்தில் இருப்பவனிடம் சொன்னது என் காதில் விழுந்தது.

தோற்றதற்கு நான் சந்தோஷப்பட வேண்டும் அல்லவா? அதற்காகத்தானே போனேன்? ஆனால் திரும்பி வரும்போது லாஞ்சில் அந்த எழுபத்தேழு என்னை என்னவோ செய்தது. என்னை மெம்பராக அவர்களுக்குத் தெரிந்து முழுசாக ஒரு மணி நேரம்கூட ஆகவில்லை, அதற்குள் வேண்டாம் என்றுவிட்டார்கள். இதைப் பெரிய மனிதன் நினைக்கக் கூடாது. நினைத்தேன், எழுதிவிட்டேன்.

முடிவு இதுதான்: ஏழாம் தேதி நான் என் ஓட்டை சதீஷ்குமாருக்குப் போடுகிறேன். ஓட்டு ஒன்றுதானே, என் கையில்தானே இருக்கிறது. தீவுக்குத் தீவுக்காரன் மெம்பர். கிளம்பும்போது அவர்களிடம் சத்தியம் மாதிரியே சொல்லிவிட்டு வந்திருக்கிறேன்.

அம்மா உனக்கு நார்த்தங்காய் ஊறுகாய் அனுப்பியிருக்கிறாள். கூரியர்காரன் எண்ணெய் கசியுமே என்று வாங்க யோசித்தான், மூன்று பை போட்டுக் கட்டிக் கொடுத்தேன். உன் வேலை நல்லபடியாக நடக்கட்டும்.

அன்புடன்,
அப்பா

*

ஜெபல் அலி
8-12-2025, திங்கள்

ஷ்ருதி கண்ணு,

நேற்று இரவு நீ இரண்டு தடவை கூப்பிட்டாய், நான் எடுக்கவில்லை. உன்னுடையதை மட்டும் இல்லை, எவருடைய போனையும் எடுக்கவில்லை. கடையில் சரக்குப் பார்க்க உட்கார்ந்தேன், எண்ணிக்கை தப்பித் தப்பிப் போகிறது. அதனால் இதை எழுதுகிறேன். நடந்ததை நடந்த வரிசையில் சொல்கிறேன், எங்கே தப்புச் செய்தேன் என்று நீயே பார்த்துக்கொள்.

கூட்டம் வழக்கம்போல துபாய் கராமாவில், அந்த ஓட்டல் மாடியில்தான். வெங்கட்ராமன், “தீவுக்கு யார்?” என்றார். வழக்கமான சிரிப்பு ஆரம்பித்தது. நான் எழுந்து, தீவு ஓட்டு சதீஷ்குமாருக்கு என்றேன்.

வெங்கட்ராமன் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ரிஜிஸ்டரைப் புரட்டினார். “மிஸ்டர் அம்மையப்பன், உங்க ஓட்டை நீங்க யாருக்கு வேணும்னாலும் போடலாம். ஆனா நிக்கிறவர் பேர் ரிஜிஸ்டர்ல இருக்கணும். இவர் பேர் இல்லையே” என்றார். நூற்று நாற்பது பேரில் அவனும் ஒருவன் சார் என்றேன். “இருக்கலாம். இதுல எது அவர்?” என்று அந்த ஒற்றை வரியை என் பக்கம் திருப்பிக் காட்டினார். கேலியாகச் சொல்லவில்லை. அவருக்கு அது கணக்குப் புத்தகத்து சந்தேகம். என் கையெழுத்துதான் இருந்தது, நீல மையில், பதினொரு வருடமும் ஒரே மாதிரி.

அங்கே எண்பத்தாறு பேர் கை தூக்கினார்கள் என்றேன். “எங்கே?” என்றார். மெஸ்ஸில் என்றேன். யாரோ சிரித்தார்கள்.

எனக்கு வேறு வழி தெரியவில்லை. போனில் சதீஷ்குமாரைக் கூப்பிட்டு ஸ்பீக்கரில் போட்டேன். அவன் முதல் மணியிலேயே எடுத்துவிட்டான். படகுத்துறையில் காத்துக்கொண்டு நின்றிருக்கிறார்கள், அவன் மட்டுமில்லை, எல்லோரும். “அண்ணே, கேக்குதா? நாங்க எல்லாம் இங்கதான்” என்றான். அவ்வளவுதான் கேட்டது. பிறகு காற்று. ஹால் முழுக்கக் கடல் காற்றுச் சத்தம், நடுநடுவே ஹலோ ஹலோ என்று. ஒரு நிமிடம் எல்லோரும் மரியாதைக்குக் காத்திருந்தார்கள். அப்புறம் பின்னாலிருந்து ஒருவர், “மெம்பர் நல்லாப் பேசுறாரு” என்றார். ஹாலே சிரித்தது. லைன் அறுந்துவிட்டது.

அதற்குப் பிறகு எல்லாம் வேகமாக நடந்தது. இதற்கு எதற்கு இவ்வளவு சிரமம், தீவை ஜெபல் அலியோடு சேர்த்துவிட்டால் என்ன என்று ஒருவர் கேட்டார். ஜெபல் அலியின் பழைய மெம்பர் ஊரோடு போய்விட்டார், அந்த நாற்காலியும் காலிதான். சரக்குப் போவதும் அங்கிருந்துதான் என்றார் இன்னொருவர். எல்லோருக்கும் இது நல்ல யோசனையாகப் பட்டது. கெட்ட எண்ணம் ஒருவருக்கும் இல்லை, ஷ்ருதி, அதை நான் சத்தியம் செய்து சொல்வேன். பரோட்டா ஆறிக்கொண்டிருந்தது, அவ்வளவுதான்.

இந்தச் சமயத்தில் என் போன் மறுபடி அடித்தது. சதீஷ்குமார். வெங்கட்ராமன் என்னைப் பார்த்தார், கூட்டம் நடக்கிறதே என்கிற பார்வை. நான் போனைக் கட் பண்ணினேன். மறுபடி அடித்தது, மறுபடி கட் பண்ணினேன். மூன்றாவது தடவை சத்தத்தையே நிறுத்திவிட்டேன். யாரும் கட் பண்ணச் சொல்லவில்லை. என் விரல்தான்.

‘ஜெபல் அலி மற்றும் தீவு’ என்று ஒரு பகுதி. மற்ற ஏழு மெம்பரும் ஆதரவு. நான் கை தூக்கவில்லை. எதிர்ப்பு என்று கேட்டபோதும் தூக்கவில்லை, எதிர்ப்பதா என்று யோசித்துக்கொண்டே இருந்தேன், அதற்குள் அடுத்ததற்குப் போய்விட்டார்கள். அந்தப் பகுதிக்கு மெம்பர் யார் என்று வந்தது. “அம்மையப்பன் அண்ணனை விட்டா யாரு, தீவுக்குப் போய்ட்டு வந்த ஒரே ஆளு அவர்தானே” என்றார்கள். கை தட்டினார்கள். நான் வேண்டாம் என்று சொல்லவில்லை. சரி என்றும் சொல்லவில்லை. வெங்கட்ராமன் ‘ஒருமனதாக’ என்று எழுதிவிட்டார்.

ஆக, போன மாதம் வரை தீவுக்கென்று பேருக்காவது ஒரு நாற்காலி இருந்தது. நான் சரி செய்யப் போனேன், இப்போது அதுவும் இல்லை. இரண்டு டிக்கெட்டும் ஜெபல் அலியோடு கலந்துவிட்டது. நான் பேசாமல் போன தடவை மாதிரி கையைத் தூக்கியிருந்தால் டிக்கெட்டாவது தங்கியிருக்கும். இது எப்படி இப்படி ஆனது? ஒரு வியாபாரத்தில் நான் இப்படி மாட்டியதே இல்லை. எதிராளி யாரென்று தெரிந்தால் பேரம் பேசலாம். இதில் எதிராளியே இல்லை.

இன்று காலை வெங்கட்ராமன் ஆபீசுக்குப் போனேன். ஜனவரியில் நூற்று நாற்பது ரசீது, ஆளுக்கு ஒன்று, அவரவர் பேரில் போடுங்கள் என்றேன். ரசீது போடுவதில் தடையில்லை, கையெழுத்து நேரில்தான் என்றார். அப்படியானால் ரிஜிஸ்டரைக் கொடுங்கள், நான் லாஞ்சில் கொண்டுபோய் வாங்கி வருகிறேன் என்றேன். அவர் பதறிவிட்டார். “கடல்ல விழுந்துட்டா? பதினஞ்சு வருச ரெக்கார்ட் சார் அது” என்றார். நீங்களே கையில் பிடித்துக்கொண்டு என்னோடு வாருங்கள், எலுமிச்சம்பழம் நான் வாங்குகிறேன் என்றேன். யோசித்துச் சொல்வதாகச் சொன்னார். அவர் யோசிக்கும் ஆள்தான், யோசித்து முடிக்கும் ஆள் இல்லை. நான் தினம் போய் உட்காரப் போகிறேன். இனி எந்த செப்டம்பரிலும் ‘தேவையில்லை’ என்று எழுதப்போவதில்லை. சேர்ந்து கிடக்கும் டிக்கெட்டில் தீவுக்கு இரண்டைப் பிரித்து எழுதாமல் எந்தத் தாளிலும் கையெழுத்தும் போடமாட்டேன். ஆனால் இதெல்லாம் நான் அவர்களுக்குச் செய்வதாகத்தானே மறுபடி ஆகிறது? இந்த இடத்துக்கு வந்ததும் எனக்கு மறுபடி வழி தெரியாமல் போகிறது.

அம்மாவிடம் பாதிதான் சொன்னேன். அவள், “போன எதுக்குக் கட் பண்ணுனீங்க?” என்று மட்டும் கேட்டாள்.

சதீஷ்குமாரிடமிருந்து நேற்றிலிருந்து நாலு மெசேஜ். கடைசியை மட்டும் திறந்தேன். “மீட்டிங் முடிஞ்சிருச்சா அண்ணே? நம்ம ஜெயிச்சோமா? பசங்க கேட்டுக்கிட்டே இருக்கானுங்க.” போனில் பதில் போட்டுவிடலாம், ஒரு வரிதான். போடவில்லை. நாளை செவ்வாய். லாஞ்ச் காலை ஐந்துக்கு. லுக்மான் பாயிடம் ஓர் ஆளுக்கு இடம் சொல்லிவிட்டேன், போன மாதத்து கேட் பாஸ் இன்னும் செல்லும். மெஸ்ஸில் அவர்கள் எல்லோரும் உட்கார்ந்த பிறகு நின்று சொல்ல வேண்டும், விமலும் இருப்பான்.

எப்படி ஆரம்பிப்பது என்று காலையிலிருந்து நாலு தாள் கிழித்துவிட்டேன். உன்னிடம் ஒன்று கேட்கிறேன், கண்ணு. நீ புரட்டுகிற அத்தனை காகிதத்தில், உங்களுக்கு ஓட்டு இல்லை என்று அந்த ஷெட்லாந்துக்காரர்களிடம் எவனாவது ஒருவன் கப்பல் ஏறி வந்து, முகத்தைப் பார்த்துச் சொல்லியிருக்கிறானா? சொல்லியிருந்தால் முதல் வார்த்தை என்ன சொன்னான் என்று மட்டும் பார்த்து எழுது. நாளைக் காலை நாலரைக்குள் படம் எடுத்து அனுப்பினால் லாஞ்சில் போனில் படித்துக்கொள்வேன். கிடைக்கவில்லை என்றால் கிடைக்கவில்லை என்றாவது எழுது. உன் கையெழுத்து ஒன்று சட்டைப் பையில் இருந்தால் போதும்.

நீ எந்தக் குறையும் இல்லாமல் நன்றாக இருக்க வேண்டும்.

உன் அப்பா,
அம்மையப்பன்